அரைமணிக் கணக்கு

எண்பத்தொன்றின் கடைசி இரவு
பதினொன்றரைக்கே
பன்னிரண்டு அடித்துவிட்டது.
தீபகற்பம் முழுக்க முள்ளைத் தள்ளினார்கள்.

அந்த வாரப் பெரட்டில்
வழக்கத்தைவிட அடர்ந்த இருட்டில் நின்றவர்கள்
பறிபோன அரைமணிக்குச் சம்பளம் கேட்டார்கள்.
பெரிய கிராணி சிரித்தார்.
சிரிக்காதவர் வேலாண்டி,
ஐம்பது வயது ஆபீஸ் பையன்.
சுவர்க்கடிகாரத்துக்குக் கீழே விழுந்து கிடந்ததைக்
கூட்டி அள்ளி
பிஸ்கட் தகரத்தில் போட்டு மூடியவர் அவர்தான்.
முப்பது நிமிடம்.
ஈரச் செருப்பின் கனம்தான் இருந்ததாம்.

அதிலிருந்து நாங்கள்.
பெயர் கிடையாது.
சங்கமென்று பதிந்தால் ஆண்டுக்கூட்டம் வேண்டும்,
தலைவர் பதவிக்கு நாற்காலி பறக்கும்.
எப்போதும் ஐந்து பேர்.
இப்போது
செம்பனை லாரி ஓட்டும் பொன்னுரங்கம்,
கிளினிக்கில் மருந்து கட்டும் குணவதி,
சவப்பெட்டிக் கடை ஆ லோய்,
பஸ் நிலையத்தில் ரொட்டிச் சானாய் வீசும் ஜமால்,
கணக்குப் பார்க்கும் நான்.

புக்கிட் ரெந்தாமில் தோட்டம் துண்டாகி
பாதி வீட்டுமனை.
தகரம் எங்கே என்று சொல்லமாட்டேன்.
மழை பெய்தால்
அங்கே மட்டும் தவளை கத்துவதில்லை,
அவ்வளவுதான்.

பினாங்கு பஸ்ஸைத் தவறவிட்டவனுக்கெல்லாம் தரமாட்டோம்.
பார்வை நேரம் முடிந்து
ஆஸ்பத்திரிக் கதவில் நின்றவளுக்கு ஒன்றரை நிமிடம்.
லாக்கப்பில் இருந்த மகனோடு பேச ஒருவருக்கு இரண்டு.
மனைவி கடைசியாகச் சொன்னதன் பாதியில்
லாரி ஹார்ன் அடித்துவிட்டது என்று ஒருவன் வந்தான்.
நாற்பது விநாடி கொடுத்தோம்.
போய்க் கேட்டுவிட்டு வந்து,
'கேஸ் முடிஞ்சிருச்சி, சொல்லி வை' என்றாளாம்.
சிரித்துச் சிரித்து அழுதான்.

விலை உண்டு.
எடுக்கும் நேரத்துக்கு ஈடாக
ஒரு ஞாபகத்தை வைத்துவிட்டுப் போகவேண்டும்.
சில்லறையாக இருந்தால் வாங்குவதில்லை.
எடுத்தவரே தன் கையால் செக்ரோலில் எழுதவேண்டும்.
ஞாபகங்கள் பால் டின்களில், வரிசையாக.
மாதம் ஒருமுறை தூசி தட்டுவது என் வேலை.
திறந்து பார்ப்பது குற்றம்.
எப்படி இதில் சேர்ந்தாய் என்று
யாரும் என்னைக் கேட்டதில்லை.
நானும் கேட்டதில்லை.

போன வெள்ளிக்கிழமை
பழைய செக்ரோலில் இரண்டு பக்கம்
ஈரத்தில் ஒட்டிக் கிடந்தன.
ஊதிப் பிரித்தேன்.

சின்னையா மகள் தவமலர்.
எடுத்தது நாலு நிமிடம்.
ஈடு: தம்பி. ஏழு வயதுவரை. முழுவதும்.

ழகரத்தின் வாலை அப்படிச் சுழிப்பது
இந்த ஊரில் நான் மட்டும்தான்.

எனக்குத் தம்பி இல்லை.
எல்லா பாரத்திலும்
அப்படித்தான் நிரப்பியிருக்கிறேன்.

குணவதியைக் கேட்டேன்.
மாத்திரை எண்ணும் முகத்தோடு
'டீ ஆறுது' என்றாள்.
பொன்னுரங்கம் ரிப்பேர் இல்லாத லாரிக்கு அடியில்
போய்ப் படுத்துக்கொண்டார்.
ஜமால் காசு வாங்க மறந்தார்.
பேசக் கூடாது என்பது விதி.
ஆ லோய் பேசவில்லை.
சீவிய பலகைகளுக்கு நடுவில் எழுந்து நின்று
கையைப் படுக்கையாக வைத்து
ஓர் உயரம் காட்டினார்.
அவர் இடுப்புக்குக் கொஞ்சம் கீழே.

நாலு நிமிடம் அவனோடு இருக்க
அவனையே கொடுத்திருக்கிறேன்.
என்ன பேசினோம்?
பசியாறினாயா என்று கேட்டிருப்பேனா?
திட்டியிருப்பேனா?
சும்மா நகம் வெட்டிவிட்டிருப்பேனோ?

அன்று இரவு டின்களுக்கு முன்னால்
டார்ச் அடித்தேன்.
மூன்றாம் வரிசையில் ஒன்று
தூசியே இல்லாமல் இருந்தது,
மூடியின் விளிம்பு தேய்ந்து, வெள்ளையாக.
இத்தனை வருடம்
என் கை அதை மட்டும்
என்னைக் கேட்காமல்
கூடுதலாகத் துடைத்து வந்திருக்கிறது.

தொடவில்லை.
தொட்டேன், திறக்கவில்லை.

மீதி பதினோரு நிமிடம் இருபது விநாடி.
வந்து உட்கார்ந்து
மாதக் கணக்கை முடித்தேன்,
ழகரம் வராத சொற்களாகத் தேடி.