விற்பனையில் சேராதது

பத்திரத்தின் ஏழாம் பக்கத்தில்
பேனாவால் எழுதிச் சேர்த்த ஒரு வரி:
மேற்குச் சுவரோரம் நிற்கும் ரோடோடென்ட்ரான்
விற்பனையில் சேராது.

அடுப்பு சேரும். திரைச்சீலைகள் சேரும்.
ஒழுகும் கூரைத்தகடும் சேரும்.
வக்கீல் சிரித்தாள்.
பால் டேங்கர் ஓட்டுகிறவளுக்குச்
செடியோடு என்ன வழக்கு?
கையெழுத்துப் போட்டேன்.

ஏப்ரலில், பிளஃப் துறைமுகத்து உப்பைத் தென்காற்று
இன்வர்கார்கில் வரை தூக்கிவந்த ஒரு சனிக்கிழமை
ராய்டன் கெடெஸ் வந்தார்.
டிரெய்லரில் பழைய கம்பளம், இரண்டு மண்வெட்டி.
அலுமினிய உருக்காலையில்
இரவு வேலை முடித்த கண்கள்.

முதலில் மொட்டுகளைக் கிள்ளினார்.
கட்டைவிரலால் பக்கவாட்டில் சாய்த்தால்
டக்கென்று ஒரு சின்ன முறிவு.
நாற்பது வரை எண்ணினேன்,
அதற்குள் மழை பிடித்துக்கொண்டது.
‘இந்த வருஷம் பூக்கிற வேலை வேண்டாம்’ என்றார்.
செடியிடமா என்னிடமா, தெரியவில்லை.

வடக்கைப் பார்த்த கிளையில்
சிவப்பு நூல் ஒன்று கட்டினார்,
போகும் ஊரிலும் அது வடக்கையே பார்க்கவேண்டுமாம்.

ஆணிவேர் ஆழமாகப் போயிருக்கும் என்று நினைத்தேன்.
முழங்கை ஆழம்கூட இல்லை.
ஆனால் சாப்பாட்டு மேசை அகலம்.
மயிர் மயிராகக் கறுத்த மண்ணைப் பிடித்தபடி
நனைந்த கம்பளிபோல் கிளம்பி வந்தது.
இருபத்தொரு வருஷம் நின்றது
இவ்வளவு மேலாகவா?
வாய்வரை வந்ததை விழுங்கினேன்.
ஷோனா டனீடினுக்குப் போய்விட்டதை
தெரு ஏற்கெனவே சொல்லியிருந்தது.

கொட்டகையில் பாதி மூட்டை உரம் கிடந்தது,
ரத்தமும் எலும்பும் பொடித்தது.
இழுத்துவந்து நீட்டினேன்:
இதுவும் விற்பனையில் சேர்ந்ததுதான், பரவாயில்லை, கொண்டுபோங்கள்.
வேண்டாம் என்றார்.
அறுபட்ட வேருக்கு எரு வைத்தால் வெந்துபோகும்.
ஒரு வருஷம் தண்ணீர், மேலே பைன் சருகு,
அவ்வளவுதான்.
பசித்தால் அதுவே புது இலை விட்டுக் கேட்கும்.

பிறகு, கம்பளத்தை முடிச்சுப் போட்டுக்கொண்டே:
‘தினமும் யாராவது
இறைச்சிப் பை சுட்டுக் கொண்டுவருகிறார்கள்.
ஃப்ரீசர் மூடமாட்டேன் என்கிறது.’

எதிர்வீட்டு ராவிரியும் சேர்ந்து தூக்கினான்.
ரிவர்டன் சாலையில் டிரெய்லர் திரும்பும்போது
இலைகளெல்லாம் சுருண்டு
குளிரில் கை கட்டிக்கொண்டவை மாதிரி இருந்தன.

குழியை நான் மூடவில்லை.
சோம்பல்தான், வேறு காரணம் இல்லை.
மழை நிரப்பியது. ஒரு கரும்பறவை குளித்தது.

அக்டோபரில் தெரு முழுக்கப் பூ.
என் சுவரோரம் மட்டும் சேறு.
குப்பைத்தொட்டி வைக்கத் தளம் போடலாம் என்று
சுவரடிச் செங்கலைப் புரட்டினேன்.

அதன் கீழே,
வளைத்த கம்பியால் மண்ணோடு தைக்கப்பட்டு
விரல் தடிமனில் ஒரு கிளை.
தாய்ச்செடிப் பக்கம் சுத்தமான வெட்டு,
ஆறிக் காய்ந்த பழைய வெட்டு.
மறுநுனியில்
எலிக்காது அளவில் மூன்று இலை.
மெல்ல இழுத்துப் பார்த்தேன்.
வரவில்லை. வேர் பிடித்திருக்கிறது.

பக்கத்தில் செருகிய பிளாஸ்டிக் பட்டையில்
பென்சிலால் ஒரு தேதி,
இரண்டு வருஷத்துக்கு முந்தைய மார்ச்.
வட்ட வட்டமான எழுத்து.
ஏழாம் பக்கத்தை எடுத்துப் பார்த்தேன்.
அந்தக் கை இல்லை.

இரண்டு வருஷம்.
அவர் இரவு வேலைக்குப் போன ஏதோ ஒரு சாயங்காலம்
மண்டியிட்டு, கம்பி வளைத்து, செங்கல் வைத்து,
பிறகு எழுந்து கை கழுவி
அவருக்காக விளக்கை விட்டுவைத்து…
எனக்கெப்படித் தெரியும்?
மறந்தே போயிருக்கலாம்.
எடுக்க வருவதற்குள்
வீடு விற்றுப்போயிருக்கலாம்.

மேற்குச் சுவரோரம் நிற்கும் என்று எழுதியிருந்தது.
இது நிற்கவில்லை, படுத்திருக்கிறது.
வக்கீலைக் கேட்டால் மறுபடி சிரிப்பாள்.

செவ்வாய்க்கிழமை என் தடம் ரிவர்டன் வழி.
டனீடின் என் தடத்திலேயே இல்லை.

உரமூட்டை கண்ணில் பட்டது.
கொட்டகைக் கதவைச் சாத்தினேன்.
வாளியில் மழைநீர் இருந்தது,
அதில் பாதி ஊற்றினேன்.