முன்பக்க மீதி

குடிநுழைவுப் படிவத்தின் முதல் கட்டம்: குடும்பப் பெயர்.
நாம்குங் என்று எழுதிவிட்டு
மீதியை எங்கே வைப்பதென்று என்னைப் பார்த்தார்.
எனக்கே அந்தக் கட்டம் ஒருநாளும் நிரம்பியதில்லை.
அப்பா பெயருக்கு முன்னால் ஒரு சாய்கோடு,
அவ்வளவுதான் என் வம்சம்.
கோடு போடுங்கள் கோச் என்றேன்.
போட்டார்.

வேலை செய்யும் இடம்: பினாங்கு.
முன்பு வேலை செய்த இடங்கள்:
உலான் பாத்தூரில் இரண்டு குளிர்,
சிட்டகாங்கில் ஒரு மழை,
மண்டலேயில் பதினொரு மாதம்.
அதற்கும் முன்னால் இரும்பாலை அணியில்
ஒன்பது வருடம் வலது பின்காப்பு.
ஆட்டத்தை விட்ட காரணம் என்ற இடத்தில்
முழங்கால் என்று எழுதத் தெரியாமல்
ஒரு முழங்காலை வரைந்திருந்தார்.

கிழக்கு மேடைக்கு அடியில் என் அலுவலகம்.
நம் ஆள் கோல் அடித்தால் மேலே குதிப்பார்கள்,
காரை உதிரும்.
அந்த ஆண்டு மேசையை நான் அதிகம் துடைக்கவில்லை.

மாலை ஐந்து மணிக்குப் பயிற்சி.
"பல்லி! பல்லி!" என்று கத்துவார்.
அவர் மொழியில் சீக்கிரம் என்று அர்த்தமாம்.
முதல் நாள் ஆயர் ஈத்தாம் பையன் தர்வின்
பந்தை விட்டுவிட்டுத் தலையைத் தட்டிக்கொண்டான்.
தலையில் விழுந்தால் கலகம் என்று
அவன் வீட்டு நாள்காட்டியில் போட்டிருக்கும்.
பிறகு பழகிவிட்டது.
கானாவிலிருந்து வந்த குவாபெனா,
பந்து பொறுக்கும் பொடியன்கள்,
வாசலில் செண்டோல் விற்பவர்கூட
ஐஸ் உருகினால் பல்லி பல்லி என்பார்.

ஜூன் சம்பளம் ஆகஸ்டில் வந்தது.
ஜூலை சம்பளம் வரவே இல்லை.
செப்டம்பரில் டத்தோ போனை எடுப்பதை நிறுத்தினார்,
பையன்கள் திடலுக்கு வருவதை நிறுத்தினார்கள்.
கோச் மட்டும் வந்தார், விசிலோடு.
என் காற்றாடிக்குக் கீழே உட்கார்ந்து
சாங்வோனில் எழுதுபொருள் கடை வைத்திருக்கும்
மனைவியோடு பேசினார்.
என்ன சொன்னீர்கள் என்றேன்.
மழை, பயிற்சி இல்லை என்று சொன்னேன் என்றார்.
வெளியே தார் இளகும் வெயில்.

வெள்ளிக்கிழமைகளில் ஜெலுத்தோங் மளிகைக்கடையில்
பத்துக் கிலோ அரிசி மூட்டை இரண்டு வாங்கி
மோட்டாரில் கட்டிக்கொண்டு
பையன்கள் தங்கிய மாடிக்குப் போவார்.
ரசீது மட்டும் எனக்கு வரும்.
பணம் கேட்டல்ல,
கணக்கு கணக்காக இருக்க வேண்டுமாம்.

ஏழாவது தோல்விக்குப் பிறகு
கடிதத்தை நான்தான் தட்டினேன்.
சொந்தக் காரணங்களால் விலகிக்கொண்டார்,
டத்தோ சொன்னபடியே.
கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி
கைப்பேசியில் ஒவ்வொரு சொல்லாக மொழிபெயர்த்தார்.
பிறகு ஒன்றின்மேல் விரலை வைத்தார்.
"நான் விலகவில்லை."
கோபம் இல்லை. ஆஃப்சைட் கோட்டைக் காட்டும் அதே விரல்.
விலகியவர் பாக்கி கேட்டு வழக்குப் போட முடியாது,
அது எனக்குத் தெரியும், அவருக்கும் தெரிந்திருக்கும்.
ஆனால் அதற்காகச் சொன்ன மாதிரி இல்லை.

நீக்கப்பட்டார் என்று மாற்றினேன்.
டத்தோ வழக்கம்போல் படிக்காமல் கையெழுத்துப் போட்டார்.

கடிதத்தை மடித்துக் கொடுக்கும்போது
குழல்விளக்குக்குப் பின்னாலிருந்து ஒரு சத்தம்.
விரலால் மேசையைத் தட்டி, மேலே காட்டி,
பல்லி என்றேன்.
அவர் அவசரமாக எழுந்துகொண்டார்.
ஒன்றரை வருடத்தில்
எங்கள் பல்லி எதுவென்று
யாரும் அவருக்குச் சொல்லவில்லை போலிருக்கிறது.
நானும் அன்று சொல்லவில்லை.

இப்போது வேறு டத்தோ, வேறு கோச், வேறு நிறச் சட்டை.
கணக்காய்வாளர் அந்த வரியை அடித்துவிடச் சொல்கிறார்.
நாம்குங் சோக். மூன்று மாதச் சம்பளம்.
அரிசி, இருபது மூட்டை, ரசீதுகள் இணைப்பு.
மாதக் கடைசியில் அடுத்த பக்கத்துக்கு ஏற்றிவிடுகிறேன்,
முன்பக்க மீதி என்று.

போன வாரம் வியன்தியானிலிருந்து ஒரு படம் வந்தது.
சேற்றுத் திடல், பத்துப் பன்னிரண்டு சிறுவர்கள்,
ஓட்டத்தில் எல்லாக் கால்களும் கலங்கல்.
பெரிதாக்கிப் பார்த்தேன்.
பாதிப் பேருக்குப் பூட்ஸ் இல்லை.
யார் வாங்கித் தருவார் என்பது தெரியும்.
அங்கே ரசீதை யாரிடம் கொடுப்பார்?