மைனஸ் நாற்பது

மெக்ஸிகாலியில் ஆகஸ்ட்.
எதிர் வங்கியின் பலகை நாற்பத்தேழு டிகிரி என்கிறது,
அதிலும் சில கோடுகள் எரிவதில்லை.
தகரக் கூரைக்குக் கீழே ஸ்பேனரைத் தொட
கையில் துணி சுற்றிக்கொள்கிறேன்.

எவரிஸ்தோ தன் வெள்ளை நிசானை
இருமவிட்டுக்கொண்டே உள்ளே கொண்டுவந்தார்.
பின்னால் கரும்புகை.
சுவரோரம் படுத்திருந்த நாய்
எழுந்து, யோசித்து, இடம் மாறியது.

"விளக்கை மட்டும் அணைத்துவிடு, நெரெய்தா.
நாலு மணிக்கு வண்டி வாங்க ஆள் வருகிறது."

நாலு மாதமாய் எரிகிறதாம் அந்த மஞ்சள் விளக்கு.
அதன்மேல் கறுப்பு டேப் ஒட்டி வைத்திருந்தார்.
அணைப்பது ஒரு நிமிட வேலை.
அணைத்தேன்.
சாவியைத் திருப்பி மூன்று எண்ணுவதற்குள்
கடன்காரன் மாதிரி
திரும்ப வந்து உட்கார்ந்துகொண்டது.

பி பூஜ்யம் ஒன்று ஒன்று எட்டு.
குறியீடு தெருப் பெயரைச் சொல்லும்,
வீட்டை நான்தான் தேட வேண்டும்.
ஏற்கெனவே தேடியிருக்கிறார்கள், காசைக் கொட்டி:
புதிய ஸ்பார்க் பிளக் நாலு,
ஆக்ஸிஜன் சென்சார் ஒன்று,
பிறகு சான் லூயிஸில் ஒருவன்
"ரிங் போய்விட்டது, விற்றுத் தொலை" என்றிருக்கிறான்.
ரசீதுகளையெல்லாம் மடிப்புக் கலையாமல் வைத்திருந்தார்.

ஓடும் எண்களைத் திறந்தேன்.
உள்ளே வரும் காற்று: நாற்பத்தொன்பது.
என்ஜினைச் சுற்றும் நீர்: மைனஸ் நாற்பது.

சிரித்துவிட்டேன். அவருக்குக் கோபம்.
திரையைத் திருப்பிக் காட்டினேன்.
"உங்கள் கார் உறைபனியில் நிற்கிறது."

முள்செடியும் வதங்கும் இந்த மதியத்தில்
பானெட்டுக்குள் ஒரு சின்னக் கணினி மட்டும்
துருவத்து இரவில் தனியே இருப்பதாய் நம்பி,
விறைத்துக் கிடக்கும் என்ஜினைக் காப்பாற்ற
பெட்ரோலை ஊற்று ஊற்றென்று ஊற்றியிருக்கிறது.
நாலு மாதமாய்.
கரும்புகை அதன் கருணை.

சென்சார் பொய் சொன்னதா,
ஒயர் அதன் வாயைப் பொத்தியதா?
இதைக் கேட்காமல் பாகம் மாற்றுகிறவனை
நான் மெக்கானிக் என்று சொல்வதில்லை.
இணைப்பைக் கழற்றி, இரண்டு துளைக்கும் நடுவே
பேப்பர் கிளிப்பை வளைத்துச் செருகினேன்.
எண் ஒரே தாவாகத் தாவியது: நூற்று நாற்பது.
ஆக, ஒயர் யோக்கியன்.
கணினியும் யோக்கியன், சொன்னதைக் கேட்டதைத் தவிர
வேறு குற்றம் செய்யவில்லை.
மீட்டரின் முனைகளைச் சென்சாரில் வைத்தேன்.
முடிவிலி.
உள்ளே எங்கோ மயிரிழை முறிவு.

கட்டைவிரல் அளவுப் பித்தளை, இருநூற்றுப் பத்து பெசோ.
பெலிசியானோ சைக்கிளில் போய் வாங்கி வந்தான்,
மீதிக் காசுக்குத் தனக்கு ஒரு சோடாவும்.
என்ஜின் ஆறட்டும் என்று காத்திருந்தோம்,
அது முழுசாய் ஆறவில்லை.
பழையதை முறுக்கி எடுக்கையில்
கூலன்ட் மணிக்கட்டில் வழிந்து தோல் சிவந்தது.
என் மணிக்கட்டு சரியாகத்தான் அளக்கிறது.

எண்பத்தெட்டு. எண்பத்தொன்பது. தொண்ணூற்றொன்று.
புகை இல்லை.
ஓடுகிறதா என்று குனிந்து கேட்க வேண்டியிருந்தது.
எவரிஸ்தோ டேப்பை உரித்தார்.
அந்த ஓரங்குலம் மட்டும் தூசு படாமல் மினுங்கியது.

மூன்று ஐம்பது.
எவ்வளவுக்குப் பேசியிருக்கிறீர்கள் என்றேன்.
சொன்னார். நாலு டயர் விலைக்குக் கொஞ்சம் மேலே.
"என்ஜின் போய்விட்டதென்று அவனிடம் சொன்னேன்.
நானும் அப்படித்தான் நம்பினேன்."

தெருமுனையில் பஸ் நின்றது.
ஓர் இளைஞன் இறங்கினான்,
கையில் உறை, பின்னால் குடையோடு ஒரு பெண்.
எவரிஸ்தோ பழைய சென்சாரைச் சட்டைப் பையில் போட்டு
ஸ்டீயரிங்கில் இரண்டு கையும் வைத்து உட்கார்ந்திருந்தார்.
கதவு திறந்திருந்தது. என்ஜின் ஓடிக்கொண்டிருந்தது.

நான் கை துடைத்துக்கொண்டு வாசலுக்கு வந்தேன்.
வங்கிப் பலகையில் இப்போது நாற்பத்து மூன்று.
அல்லது நாற்பத்தெட்டு.
அந்த எட்டுக்கு
இடப்பக்கம் எரிவதில்லை.