உள்வரும் தபால்

பேராவூரணி தாலுகா ஆபீசில்
தபால் பிரிப்பது என் வேலை.
மதுரைக் கிளையிலிருந்து வந்த பழுப்பு உறைக்குள்
நாற்பத்தொன்றாம் எதிர்மனுதாரர் நான்.
மனுதாரர் எதிர் நாற்காலியில்
சாம்பார் சாதத்தில் வெண்டைக்காயை ஒதுக்குகிறாள்.

தையல்நாயகி தேர்வெழுதி வந்தவள்.
நான் அப்பா செத்த வேலைக்கு வந்தவள்.
சேர்ந்தது நான் முந்தி, பதினோரு மாதம்.
வரன்முறை ஆணை வந்தது பிந்தி.
எந்தத் தேதியிலிருந்து எண்ணுவது?
அவ்வளவுதான் வழக்கு.
ஒன்பது வருஷம், மூன்று பட்டியல், இரண்டு தடையாணை.
பட்டியலில் ஏழாவது பக்கிரிசாமி;
தை மாதம் கருமாதி முடிந்தும்
எனக்கு சீனியர்.

ஜன்னலில் ஊமத்தநாட்டு ஆட்கள்.
"மேட்டூர் தொறந்து முப்பது நாளாச்சும்மா,
எங்க முறை எப்ப?"
கல்லணைக் கால்வாயின் கடைசி மதகுக்காரர்கள்.
மனுவை வாங்கி எண் போட்டுக் கொடுத்தேன்.
'பரிசீலனையில் உள்ளது' என்று சொல்ல
எனக்குப் பயிற்சி வேண்டியதில்லை.

உறையை அவள் பக்கம் தள்ளினேன்.
புறங்கையால் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படித்தாள்.
"உங்க அப்பா மெய்யப்பன்தானே?
இனிஷியல் மே-ன்னு போட்டிருக்கான்.
வக்கீல்ட்ட சொல்லித் திருத்தச் சொல்றேன்.
தப்பாப் போனா நோட்டீஸே செல்லாது."

முத்திரையில் மை வற்றியிருந்தது.
அவளுடைய மைப்பெட்டியில்தான் ஒற்றி எடுத்தேன்.
அனுப்புநர், பெறுநர், தேதி, எண்.
பெற்றுக்கொண்டவர் கையெழுத்தும் நானே.

நாங்கள் இரண்டு பேரும் கேட்கிற
அந்த உதவியாளர் நாற்காலியில்
மூன்று வருஷமாக
பயிர்க் காப்பீட்டுக் கட்டுகள் உட்கார்ந்திருக்கின்றன.
மழை ஒழுகினால் மட்டும்
ஆளுக்கொரு பக்கம் பிடித்து
நகர்த்தி வைப்போம்.