இகரம் போட்ட லெவ்வை

முதல் மூன்று நாளும் ல வரிசையில் தேடினேன்.
அட்டவணைப் புத்தகத்தின் ஓரத்தில் ல என்று வெட்டிய காது,
திறந்தால் வெறுந்தாள், நசிந்த ஒரு பூச்சி.
நாலாம் நாள் தேத்தண்ணிக் கோப்பையோடு நிற்கையில்
ஓடி வெளித்தது:
உறுதி எழுதினவர் இலக்கணம் படித்த நொத்தாரிசு.
லகரம் தமிழில் சொல்லுக்கு முதல் வராது.
வாசலில் ஓர் இகரத்தை நிறுத்திவிட்டுத்தான்
பிறத்திச் சொல்லை உள்ளே விட்டிருக்கிறார்.

இலெவ்வை வளவு. சோனகதெரு. ஒன்றேகால் பரப்பு.
'உதுமாங்கண்டு இலெவ்வைக்கும்
அவர்க்குப் பின் வருவோர்க்கும்.'

லெவ்வை பெயர் என்றால் காணி பிள்ளைகளுக்கு.
வேலை என்றால் பள்ளிவாசலுக்கு.
அப்புக்காத்து வயித்திலிங்கம் கண்ணாடியைத் துடைத்தபடி சொன்னார்:
"பிள்ளை, நீர் தட்டச்சு அடிக்கிற ஆள்.
அர்த்தம் கேட்டுக்கொண்டு திரியாதேயும்."
திரிந்தேன்.

ஐந்துசந்தியில் இளம் மௌலவி ரிஸ்கான்:
"அது பழைய சொல். இப்ப ஒருத்தரும் பாவிக்கிறேல்லை.
ஏழு வருசம் ஓதிப் பட்டம் எடுத்தவன் மௌலவி.
லெவ்வை எண்டா
கோழி அறுக்கிறவர், கத்தம் ஓதிச் சாப்பிடுறவர்
எண்டு நினைப்பினம்.
என்னை அப்பிடிக் கூப்பிட்டா கொஞ்சம் கோவம் வரும்."
செருப்பைப் போட்டுக்கொண்டு நான் படி இறங்கிய பிறகு,
"என்ட வாப்பாட வாப்பா லெவ்வைதான்" என்றார்.

நாவாந்துறையில் திருக்கை வெட்டிக்கொண்டே பிலோமினாக்கா:
"எங்கட பெடிக்குச் சுவாமியார் தண்ணி வாத்தார்.
இரவில பயந்து கத்தினா லெவ்வை தண்ணி ஓதித் தந்தார்.
ரெண்டு தண்ணியிலயும் வளந்தது.
இப்ப நோர்வேயில பியர் குடிக்குது."

அவவின் பின்னால் ஒருவன் மற்றவனுக்கு ஏசினான்:
"பெரிய லெவ்வை, தீர்ப்புச் சொல்ல வந்திட்டார்!"
ஏசினவனுக்கு இருபது வயது.
லெவ்வை ஒருவரைக் கண்டிருக்க வழியில்லை.
தொண்ணூறில், ஒக்டோபரில்,
இரண்டு மணித்தியாலத்துக்குள் போகச் சொன்ன ஒலிபெருக்கி
ஏச்சுச் சொல்லுக்கு மட்டும் ஒன்றும் அறிவிக்கவில்லைப் போலும்.

புத்தளத்திலிருந்து மஸாஹிரா வந்தா,
உதுமாங்கண்டுவுடைய பேத்தியின் மகள்.
பஸ்ஸில் கசங்கிய அபாயா, மடியில் ஒரு பாண் பை.
"லப்பைக் எண்டதிலயிருந்து வந்த சொல்லாம்.
ஹஜ்ஜில சொல்றது: இதோ வந்தேன்.
மெய்யோ தெரியாது, உம்மா சொல்லுவா.
எங்கட வீட்டில லெவ்வை எண்டா படிச்ச மனுசன் இல்லை,
கூப்பிட்டா வாற மனுசன்.
மையத்துக்கும் வருவார்,
ஆட்டுக்கு வயிறு ஊதினாலும் வருவார்."
காணி ஆருக்கென்று கேட்க வந்தீர்களோ என்றேன்.
"இல்லை. அந்த வளவில கிணறு இருக்கோ எண்டு கேக்க வந்தனான்."

உறுதியைப் பார்த்துச் சொன்னேன்:
கிணற்றிலும் வழிவாய்க்காலிலும் அரைப் பங்கு.
மற்ற அரை ஆருக்கென்று எழுதவில்லை.

வெள்ளிக்கிழமை பிரதி அடிக்கிறேன்.
மூலத்தில்
உதுமாங்கண்டுவுக்கும் இலெவ்வைக்கும் நடுவில்
கறையான் துளை.
அங்கே காற்புள்ளி இருந்திருந்தால் அது வேலை.
இல்லையென்றால் பெயர்.
தாளை வெளிச்சத்துக்குப் பிடித்தேன்.
துளைக்குள்ளால் தெரிந்தது
யன்னல் கம்பி, வேம்பு, ஆரோ சாத்திவிட்டுப் போன சைக்கிள்.

துளை அளவுக்கு இடம் விட்டு அடித்தேன்.
அப்புக்காத்து கண்டார். திருத்தச் சொல்லவில்லை.
ஓரத்தில் தன் கையால் எழுதினார்:
'இவ்விடத்தில் மூலம் வாசிக்க ஏலாது.'
பிறகு, என்னைப் பாராமல்,
"புது அட்டவணையில எங்க போடப்போறீர்?
இ விலோ, ல விலோ?"

ல பக்கத்தைத் திறந்தேன்.
பூச்சியை ஊதினேன். போகவில்லை,
தாளோடு ஒட்டிவிட்டது.
அதற்குப் பக்கத்தில் எழுதினேன்.