மூலையில் ஒரு பெருக்கல் குறி

விடிய நாலரைக்கு
தம்புள்ளை லொறிக்கார றிஸ்வி விலை அனுப்புவார்.
திருக்கடலூர்க் கரையில் வள்ளம் வந்து முட்ட முன்னம்
அதை நான் பார்த்திருக்க வேணும்.

பார்த்தால்
விலைக்கு மேல் ஒருத்தி ஏறி நிற்கிறாள்.
பல் வெள்ளையாக ஏதோ விற்கிறாள்.
வலது மூலையில் ஒரு பெருக்கல் குறி,
சூடைக் கண்ணிலும் சிறிசு.
ஈரப் பெருவிரலால் அதைக் குத்தப் போனால்
பல்லில் படுகிறது.
பல்லில் பட்டால் கடை திறக்கும்.
கடை திறந்தால் நேற்றுப் போட்ட டேட்டா
தேத்தண்ணிக்குள் சீனி.

அதற்குள் அறக்குளாவைக் கேட்டு
ஐஸ் பெட்டிக்குள் அடுக்கிவிடுவாள் பிலோமினம்மா.

ஒன்பது வருசத்துப் போன்.
கண்ணாடி வெடிப்பு
கொட்டியாரக் குடாவைக் கீறி வைத்த மாதிரி.
அது எனக்குப் பழகிவிட்டது.
பழகாதது இந்த வருகைதான்.
கடன் வேணுமா என்று வரும்.
உங்கள் போனில் பதின்மூன்று வைரஸ் என்று
சிவப்பில் துடிக்கும்.
அந்தோனியாப்பிள்ளையின் செத்த வீட்டில்
கடைசியாய் எடுத்த படம் பார் என்று
மகளிடம் நீட்டினேன்.
வண்ணச் சக்கரம் ஒன்று சுழன்று நின்று
"வாழ்த்துகள்!" என்றது.
அவள் ஒன்றும் சொல்லவில்லை.
நான் போனைச் சீலைக்குள் கவிழ்த்துப் பிடித்துக்கொண்டு
பிளேன்ரீ குடித்தேன்.

மத்திய வீதிக் கடைப் பெடியன்
திருப்பிக்கூடப் பார்க்கவில்லை.
"பழசு அக்கா. புதுசு எடுங்கோ, தவணைக்குத் தரலாம்."
அவனும் ஒரு விளம்பரம்.
மூட அவனில் குறிகூட இல்லை.

பிறகு ஒருநாள் மத்தியானம்
ஏலம் முடிந்து, தராசு கழுவி,
குந்தியிருந்து யோசித்தேன்.
இன்டர்நெட் திறக்காத நேரமும் வருகிறது.
சும்மா கிடக்கிற திரையிலும் வருகிறது.
அப்ப இது வெளியிலிருந்து வாற ஆள் இல்லை.
உள்ளேதான் குடியிருக்கிறது.

அடுத்த முறை வந்தபோது
நான் குறியைத் தொடவில்லை.
கீழே இடப்பக்கப் பொத்தானை அமத்தினேன்.
திறந்து கிடந்ததெல்லாம்
சாக்கில் கொட்டிய மீன்போல வரிசைக்கு வந்தன.
வாட்ஸ்அப். கல்குலேட்டர். முன்னால் ஒன்று
பேரில்லை, படமில்லை,
வெறும் வெள்ளைச் சதுரம்.

அகப்பட்டாய்.

அழுத்திப் பிடித்து உள்ளே போனேன்.
அங்கேதான் பேர் எழுதியிருந்தது:
சுப்பர் டோர்ச்.

ஐயோ, நீயா.

நாள் முழுக்கக் கரண்ட் இல்லாத அந்த வருசம்,
மெழுகுதிரியும் கடையில் இல்லாத இரவில்
கணக்குக் கொப்பிக்கு வெளிச்சம் தேடி
நான்தான் உன்னை இறக்கினேன்.
மற்றவற்றின் மேலே தோன்றலாமா என்று
நீ கேட்டுத்தான் இருக்கிறாய்.
இருட்டில் ஆர் வாசித்தது?
ஓம் என்றேன்.
அதற்கும் ஓம், இதற்கும் ஓம்.

அழிக்கப் பார்த்தால்
"நீக்கு" சாம்பல் நிறத்தில் செத்துக் கிடக்கிறது.
கிளறிக் கிளறிப் போனேன்.
செற்றிங்ஸ், பாதுகாப்பு, அதற்குள் இன்னொரு பாதுகாப்பு,
அதற்கும் அடியில், நிர்வாகிகள்.
நிர்வாகியாம்!
கடற்றொழில் சங்கத்தில் பதினாறு வருசம்
என்னை உபபொருளாளருக்கு மேலே விடவில்லை,
இது என் போனுக்கு நிர்வாகி.
பதவியைப் பறித்தேன்.
ஒரு சரிக் குறியை எடுத்தால் போதும், போய்விட்டது.
"நீக்கு" கறுத்துத் தெளிந்தது.
தொட்டேன்.

மேலிருந்து விரலால் இழுத்துப் பார்க்க
போனுக்கென்றே ஒரு டோர்ச்
வாங்கின நாளிலிருந்து அங்கேதான் இருந்திருக்கிறது.
யாருக்கும் சொல்லவில்லை.
இதை இங்கே எழுதுகிறேன், அவ்வளவுதான்.

மறுநாள் நாலரை.
காத்து சோளகம். வள்ளத்து வெளிச்சம் இரண்டு
தூரத்தில் ஆடுது.
பெருவிரல் தன்பாட்டில்
வலது மூலைக்குப் போய் வெறுந்திரையைக் குத்துது.
அங்கே ஒருவரும் இல்லை.
பல்காரியும் இல்லை, சக்கரமும் இல்லை.

றிஸ்வியின் விலை மட்டும், முழுசாய்:
அறக்குளா
நேற்றைவிட நூற்றியெழுபது குறைவு.