எதிர்பார்த்தது, நடந்தது

வெள்ளி இரவு பதினோரு மணிக்குத் திறந்தார்கள்,
திங்கள் விடிகாலை ஐந்தரைக்கு மூடுவதாகச் சொல்லி.
இன்னும் வெளிவராத விளையாட்டு.
முத்தியால்பேட்டையில் மாடி அறை, முன்னூறு ரூபாய் ஹெட்போன்,
பிங் நூற்றெண்பது.
சுட்டபின் செத்தேனா செத்தபின் சுட்டேனா
என்று எனக்கே பிடிபடாத வேகம்.

மூன்று மோடு திறந்திருந்தது. நான்காவது
சாம்பல் கட்டம், நடுவில் பூட்டு, கீழே ‘விரைவில்’.

முதலாவதில் சாவு சில்லறைக் காசு.
விழு, ஐந்து எண்ணு, எழு, ஓடு.
எழுபத்தைந்து சாவை முதலில் சேர்க்கிற பக்கம் ஜெயம்.
சனி மத்தியானம் வரைக்கும் இதுதான்;
சாம்பார்க் கையோடு இருபத்தொரு தடவை செத்தேன்.

இரண்டாவதில் தரையில் மூன்று வட்டம்.
உள்ளே போய்ச் சும்மா நின்றால் போதும்,
வட்டம் மெல்ல நம் நிறத்துக்கு வரும்.
பஸ்கால் சிரித்தான்:
“பட்டாவுக்குத் தாலுக்கா ஆபீஸில நீ நின்ன நிலைக்கு
இந்நேரம் பாதிப் பாண்டிச்சேரி உன்னுதுக்கா.”

பஸ்கால் சித்தி மகன். அவர்கள் சொல்தா குடும்பம்,
பிரான்சுத் தாள் அவர்களுக்கு உண்டு, எங்களுக்கு இல்லை.
துலோனில் நிஜமான பட்டாளத்தில் இருக்கிறான்.
மணல் நாடு ஒன்றுக்கு அனுப்பி, திரும்ப அழைத்துக்கொண்டார்கள்.
அங்கே என்னடா என்று கேட்டால்
வெயில் என்பான்.

மூன்றாவதில் ஒரு சுற்றுக்கு ஒரே உயிர்.
ஒரு பக்கம் குண்டு வைக்க வேண்டும், மறுபக்கம் அவிழ்க்க வேண்டும்.
செத்தவர்கள் போய்விடுவதில்லை,
மிஞ்சியவர் கண் வழியே பார்த்துக்கொண்டிருக்கலாம்,
பேசத்தான் கூடாது.
பஸ்கால் சுற்றுக்குச் சுற்று முதல் ஆளாய்ப் போய் விழுந்தான்.
தெரிந்தே விழுகிறான் என்பது ஆறாவது சுற்றில்தான் உறைத்தது.

விழுந்ததும் வாட்ஸாப்பில் குரல்:
“அக்கா, அந்தச் சந்துக்குத் திரும்பு.
மேல பாரு. இன்னும் மேல.”
மஞ்சள் சுவர், மாடியில் ஒரு கயிறு,
கயிற்றில் ஊதா நிறத்தில் நீளமாய் ஏதோ,
பக்கத்தில் ஒரு குழந்தைச் சட்டை. காற்றுக்கு ஆடியது.
“துணி காயுதே, ஆளுங்க எங்க?”
நான் மேலே பார்த்த நேரத்தில்
யாரோ என்னைச் சுட்டார்கள்.

ஆட்டம் முடிந்தால் புகார்ப் படிவம் வரும். இரண்டே கட்டம்.
எதிர்பார்த்தது என்ன? நடந்தது என்ன?
ஏணி ஏறும்போது துப்பாக்கி சுவருக்குள் போகிறது என்று எழுதினேன்.
குண்டு பட்ட பிறகு சத்தம் வருகிறது என்றும்.
அவன் சொல்லச் சொல்ல, இதையும்:
எதிர்பார்த்தது, துணி துவைத்தவர்கள்.
நடந்தது, துணி மட்டும்.
ஒரு நிமிஷத்தில் இயந்திரப் பதில் வந்தது.
நன்றி. இது பிழையல்ல, அமைப்பே இப்படித்தான்.

திங்கள், ஐந்து இருபத்தாறு. அங்கே இரவு இரண்டு ஆகப்போகிறது.
வைத்திக்குப்பத்துப் படகு என்ஜின்கள் ஹெட்போனைத் தாண்டிக் கேட்டன.
எங்கள் அணியில் வந்து ஒட்டிய கடலூர் முதுநகர்ப் பையன் தணிகை
“ஆறு மணிக்குக் காலேஜ் பஸ்” என்று கழன்றுகொண்டான்;
அவன் உடம்பு மட்டும்
கொஞ்ச நேரம் நின்றுகொண்டிருந்தது.
சாம்பல் கட்டத்தைச் சும்மா அமுக்கினேன்.
திறந்துகொண்டது.

விதி எதுவும் எழுதியிருக்கவில்லை. கடிகாரம் ஓடவில்லை.
துப்பாக்கி இல்லை, வெறுங்கையைக்கூட யாரும் வரைந்திருக்கவில்லை.
அதே ஊர்.
பஸ்கால் எனக்கு முன்னால் நடந்தான், ஓடாமல்,
ஒவ்வொரு முனையிலும் நின்று எட்டிப் பார்க்கிற பழக்கம் மட்டும் விடாமல்.
மஞ்சள் சுவரில் படியேறிக்
கயிற்றுக்கு நேரே போய் நின்றான்.
குழந்தைச் சட்டை அவன் முகத்துக்குள் புகுந்து
பிடரி வழியாய் வெளியே வந்தது, திரும்பவும் புகுந்தது.
அவன் நகரவில்லை. போனில் மூச்சு மட்டும்.

ஐந்தரைக்குத் திரை கறுத்தது.
படிவம் வந்தது, இரண்டு கட்டம்.
அந்தச் சட்டையை நான் எழுதவில்லை.

கீழே ரொட்டிக்காரர் சைக்கிள் மணி.
“அக்கா, அது பெல்லா?” என்றான்.
போனை ஜன்னலுக்கு வெளியே நீட்டினேன்.